விளையாட்டுத் தலைப்பியல்: திருச்சிராப்பள்ளி – திருவரங்க வழக்கை முன்வைத்து

வீடியோ கேம் ஒன்றின் பெயரைத் தமிழ் வாக்கியத்துக்குள் எழுத நான்கு வழிகள் உண்டு: ஒற்றை மேற்கோள் குறிக்குள் அடைப்பது, எழுத்தைச் சாய்ப்பது, எழுத்தைத் தடிக்கவைப்பது, ஒன்றும் செய்யாமல் விடுவது. இந்நான்கனுள் கடைசியானதே திருச்சி வட்டாரத்தில் பெருவழக்கு. எல்லோரும் செய்வதை ஆராய்ந்தால் பட்டம் கிடைப்பதில்லை; எனவே யாரும் செய்யாத மூன்றும் இங்கு விரிவாக நோக்கப்படும்.

சான்றுகள் மூவகை. முதலாவது, உறையில்லாத சிடிகளின்மேல் மார்க்கர் பேனாவால் பொறிக்கப்பட்ட பெயர்கள். இரண்டாவது, டிவி கேம் கேசட்டுகளில் ஒட்டிய தாள்கள். இவை ஆயிரக்கணக்கான ஆட்டங்கள் உள்ளே இருப்பதாகச் சொல்லும், நாலைந்துக்குமேல் இரா. ஆதலால் இவற்றை மெய்க்கீர்த்திகளாகக் கொண்டு உயர்வுநவிற்சியைக் கழித்தே படிக்க வேண்டும். மூன்றாவதும் தலையாயதும், சத்திரம் பேருந்து நிலையத்தை ஒட்டிய பிரவுசிங் சென்டர்களின் வாய்மொழி மரபு. இதில் நாலாம் நம்பர் சிஸ்டம் உரை, ஆறாம் நம்பர் சிஸ்டம் மறுப்புரை என இரு கிளைகள் உண்டு. தோற்றபின் எழுந்த வசைகளை நீக்கிப் பதிப்பிக்க வேண்டியிருப்பதால் முன்னது மிகச் சுருங்கிய வடிவிலேயே கிடைக்கிறது.

ஓலைச்சுவடியில் நிறுத்தக்குறி கிடையாது. எழுத்தாணியால் புள்ளி குத்தினால் ஓலை பொத்துவிடும் என்று மெய்யெழுத்தின் புள்ளியையே பலர் விட்டுவிட்டனர். எகரமும் ஏகாரமும் ஓருருவில் கிடந்து மயக்கம் தந்ததைத் தீர்த்தவராக ஏலாக்குறிச்சியில் வாழ்ந்த வீரமாமுனிவர் (1680–1747) சொல்லப்படுகிறார். ஆற்றைக் கடந்தபின் தம்மை விட்டுவிட்டுத் தலையெண்ணும் சீடர்களின் கதையை எழுதியவரும் அவரே. மேற்கோள் குறியைத் திறந்துவிட்டு மூட மறப்போரைப் பற்றி ஆராய்வோருக்கு அக்கதை இன்றியமையாதது.

அச்சு பரவியபின் குறிகள் குடியேறின. அவற்றுக்குத் தமிழறிஞர் நிறுத்தத்தின் அளவைக் கொண்டு பெயரிட்டனர்: கால், அரை, முக்கால், முற்று. இரண்டு புள்ளிகள் உள்ள குறி முக்காற்புள்ளி ஆனதும், ஒரே புள்ளி உள்ளது முழுமை பெற்றதும் இவ்வாறே. இக்கணக்கைச் சிறுவர்களுக்கு விளக்க முயன்ற ஆசிரியர்கள் பின்னர் கணிதம் கற்பிக்க விரும்புவதில்லை.

சாய்வெழுத்துக்கும் மேற்கோள் குறிக்கும் இடையேயான போர் வெளிநாட்டில் தொடங்கியது. 1906 முதல் வெளிவரும் சிகாகோ கையேடு, கேம் பெயர்களைச் சாய்க்கச் சொல்கிறது. அசோசியேட்டட் பிரஸ் கையேடு மேற்கோள் குறிக்குள் இடச் சொல்கிறது. இப்பூசல் ஸ்ரீரங்கத்துக்குப் புதிதன்று. குட்டி தானே முயன்று தாயைப் பற்றிக்கொள்வது மர்க்கட நியாயம், அதாவது குரங்கு வழி. தாய் குட்டியைக் கழுத்தில் கவ்விச் செல்வது மார்ஜார நியாயம், அதாவது பூனை வழி. முன்னது வடகலையார்க்கும் பின்னது தென்கலையார்க்கும் உரியதெனச் சொல்வர். சாய்வெழுத்தில் தலைப்பே தன் முயற்சியால் முதுகை வளைக்கிறது, ஆகவே அது குரங்கு. மேற்கோள் குறி இருபுறமும் கவ்வித் தூக்குகிறது, தலைப்பு சும்மா கிடக்கிறது, ஆகவே அது பூனை. சிகாகோவார் வடகலை என்பது இதனால் பெறப்படும். யானைக்கு எந்த நாமம் இடுவது என்று வழக்காடிய சமூகத்தில், 'கான்ட்ரா'வுக்கு எந்தக் குறி இடுவது என்ற வழக்கு இன்னும் நீதிமன்றம் ஏறாதது வியப்பே.

தமிழ் எழுத்துகளோ உருண்டைப் பிறவிகள். 'ழ' சாய்ந்தால் படியில் வழுக்கியதுபோல் இருக்கும். எனவே தமிழிதழ்கள் பூனைப் பக்கமே நிற்கின்றன.

தடித்த எழுத்து: விளம்பரத்துக்கு உரியது.

பெரிய எழுத்து: தமிழில் இல்லை. இக்குறையால் இழந்தது எதுவும் இல்லை.

தலைப்பியலின் உயிர்நிலை வேற்றுமை உருபில் இருக்கிறது. மேல்நாட்டுக் கையேடுகள் ஆயிரம் பக்கம் எழுதியும் இதைத் தொடவில்லை. ஆங்கிலத்தில் தலைப்புக்கு முன்னால் வரும் இடைச்சொல் வாசலோடு நின்றுகொள்ளும். தமிழ் உருபோ நேரே உள்ளே வந்து கடைசி எழுத்தின் மடியில் உட்காரும். குறி எங்கே மூடுவது?

உயிரீறு எளிது. 'கான்ட்ரா' (1987) + இல் = 'கான்ட்ரா'வில். இங்கே 'வ்' யாருடையது என்பது மட்டுமே கேள்வி. தலைப்பை உருவாக்கிய ஜப்பானிய நிறுவனமும் அதைக் கோராது, ஏழாம் வேற்றுமையும் கோராது. உடம்படுமெய் என்பது ஸ்ரீரங்கத்து வீதி வீடுகளின் பொதுச்சுவர் போன்றது: இரு வீட்டாரும் ஆணி அடிப்பர், வெள்ளையடிக்க ஒருவரும் வாரார்.

வல்லின ஈறு இன்னும் எளிது. நோக்கியா 6110இல் 1997இல் வந்த 'ஸ்னேக்' + இல் = 'ஸ்னேக்'கில். ககரம் இரட்டித்து ஒன்று உள்ளேயும் ஒன்று வெளியேயும் நிற்கிறது. பாகப்பிரிவினையில் இவ்வளவு நியாயம் உறையூரிலும் காணக் கிடையாது.

சிக்கல் 'ரோட் ராஷ்' (1991). ராஷ் + இல் = ராஷில். 'ஷி' என்ற ஓரெழுத்தில் மெய் தலைப்புக்கும் உயிர் உருபுக்கும் சொந்தம். எழுத்தின் நடுவே குறி போட முடியாது. இதற்குச் சொல்லப்படும் தீர்வுகள் பல. முதற்கொள்கையார் 'ரோட் ராஷ்'ஷில் என்று இல்லாத ஷகரம் ஒன்றைக் கடன் வாங்குவர். இரண்டாங்கொள்கையார் 'ரோட் ரா'ஷில் என்று தலைப்பின் வாலை அறுத்து வெளியே வைப்பர். பழைய இதழ்கள் 'விகட'னில், 'குமுத'த்தில் என்று எழுதியது இவர்க்கு ஆதாரம். தம் பெயரின் கடைசி எழுத்து வேலிக்கு வெளியே போனதற்காக எந்தப் பத்திரிகையும் வருந்தியதாகத் தெரியவில்லை. மூன்றாங்கொள்கையார் 'ரோட் ராஷ்' விளையாட்டில் என்று நடுவே ஒரு சொல்லைத் திண்டுபோல் செருகுவர். இவர்களே பின்னாளில் துணைவேந்தர் ஆவர்.

இங்கே நாலாம் நம்பர் சிஸ்டம் ஒரு நூற்பா தருகிறது:

மெய்யீற்றுத் தலைப்பின்முன் உயிர்வரு காலை
மேற்கோட் குறியது வழிவிடல் மரபே.

'வழிவிடல்' என்பதற்குக் குறியை அடியோடு நீக்குதல் என்று நாலாம் நம்பர் பொருள் கொள்ள, பைக்குக்கு வழிவிடுதல் என்று ஆறாம் நம்பர் மறுத்தது (ஆறாம் நம்பர் சிஸ்டம் மறுப்புரை, யூபிஎஸ் கத்தத் தொடங்கிய பகுதி). அம்மறுப்புக்கு நாலாம் நம்பர் சொன்ன மறுமறுப்பு, இடையில் பிளஸ் டூ ரிசல்ட் பார்க்க மூன்றாம் நம்பரில் உட்கார்ந்தவரின் ஹெட்போன் வழியே மட்டும் கிடைப்பதால் அதில் பாடபேதம் மிகுதி (மூன்றாம் நம்பர் கேள்விக் குறிப்பு, தமிழ் மதிப்பெண் வரை, அதற்குமேல் அழுகையால் சிதைவு). நூற்பாவில் 'மேற்கோட்' என்பதற்கு 'மெயின்கார்டு' என்றும் பாடம் உண்டு. அப்பாடத்தைக் கொண்டால் குறி மெயின்கார்டு கேட் பக்கமாகப் போய்விட்டது என்று பொருள்படும். எழுத்துப்பிழை இரண்டு சுவடிகளில் இருந்தால் அது பாடபேதம், மூன்றில் இருந்தால் முனைவர் பட்டம் என்பது பதிப்புத்துறை அறிந்ததே.

இத்தனைக்கும் அந்த மூன்று சிஸ்டத்தாரும் பேசும்போது 'ரோட்ராஷ்ல' என்றே சொன்னார்கள். பேச்சுத்தமிழின் 'ல' எவ்வெழுத்தின்மேலும் ஏறாமல் பக்கத்தில் நிற்பது. அதை ஏற்றால் இந்த இயல் முழுவதும் வேண்டாததாகிவிடும் என்பதால் அது இலக்கணமாகாது.

மகர ஈறு பற்றிய கிளைச்சிக்கல் ஒன்று. ஸ்ரீரங்கம் ஸ்ரீரங்கத்தில் ஆகிறது. குமுதம் குமுதத்தில் ஆகிறது. ஆங்கிலத்திலிருந்து வந்த சிஸ்டமே சிஸ்டத்தில் ஆகிறது. அப்படியானால் 'டூம்' (1993) ஏன் டூத்தில் ஆகவில்லை? அத்துச்சாரியை 'அம்' என்று முடியும் சொல்லையே பிடிக்கும். 'ஊம்' என்று முனகும் சொல்லைத் தொடாது. ஆகவே ரூம் ரூமில் ஆனதுபோல டூம் டூமில் ஆயிற்று. பல் டாக்டர் வீட்டில் தமிழ் பேசுவோர் மட்டும் 'டூத்தில்' என்பதை வேறு பொருளில் ஆள்வர்.

ஒற்று மிகுமிடம்: 'பப்ஜி'ப் பித்து என்பதா, 'பப்ஜிப்' பித்து என்பதா? தென்கொரியாவின் கிராஃப்டன் நிறுவனத்துக்கு அந்தப் பகரத்தில் உரிமை இல்லை. வெளியே வைக்கவும்.

சுருக்கப்பெயர்களுள் ஒன்று தனி ஆய்வுக்குரியது. 2000இல் வந்த 'ப்ராஜெக்ட் ஐ.ஜி.ஐ.: ஐ'ம் கோயிங் இன்' என்ற தலைப்பில் முற்றுப்புள்ளி மூன்று, முக்காற்புள்ளி ஒன்று, மேலே ஒரு கீற்று. பழைய ஓலையாக இருந்தால் இத்தனை குத்துக்குச் சல்லடையாகியிருக்கும். திருச்சியில் இது 'ஐஜிஐ'. மத்திய மண்டல ஐ.ஜி. அலுவலகம் உள்ள ஊரில் இது ஆபத்தான பெயர். 'பையன் ராத்திரி பூரா ஐ.ஜி.ஐ விடவே இல்லை' என்று ஒரு தகப்பனார் எழுதினால், அங்கே நிற்பது ஆட்டமா, இரண்டாம் வேற்றுமை ஏற்ற காவல்துறைத் தலைவரா? உடம்படுமெய் போட்டு 'ஐ.ஜி.யை' என்று எழுதுவது இலக்கணமாயினும் பத்திரிகைகள் 'ஐ'யை அப்படியே ஒட்டுவதுண்டு. மேற்கோள் குறி உண்மையிலேயே ஒரு குடும்பத்தைக் காப்பாற்றும் இடம் இது ஒன்றே.

தமிழிலேயே பெயர்பெற்ற கேமும் உண்டு. டொரான்டோவின் விசை கேம்ஸ் 2023 ஜூலையில் வெளியிட்ட 'வெண்பா', கனடாவுக்குக் குடிபெயர்ந்த தமிழ்த் தாயின் சமையலைப் பற்றியது. இட்லித் தட்டை எப்படி அடுக்குவது என்பது முதற்புதிர். 2024இல் பாஃப்டாவின் அறிமுக விளையாட்டு விருது பெற்றது. தாயின் பெயர் வெண்பா, ஆட்டத்தின் பெயர் 'வெண்பா', நாள் மலர் காசு பிறப்பில் முடியும் பாவின் பெயரும் வெண்பா. 'வெண்பா'வில் வெண்பாவுக்கு வெண்பா வருமா? குறியை எடுத்துவிட்டு இதே வாக்கியத்தைப் படித்தால் மேற்கோள் குறியின் பயன் விளங்கும். பயன் விளங்குமே ஒழிய விடை விளங்காது.

இதற்கு நேரெதிர் பரமபதம். வைகுண்ட ஏகாதசி இரவில் கண்விழிக்கப் பாம்பும் ஏணியும் உள்ள பரமபத சோபன படத்தை விரித்துத் தாயம் உருட்டுவது வழக்கம். அதே நாளில் ஸ்ரீரங்கம் கோயிலில் பரமபத வாசல் திறக்கிறது. ஆண்டின் மற்ற நாள்களில் பரமபதம் அடைந்தார் என்றால் வீட்டின்முன் பந்தல் போட்டிருக்கும். ஆட்டம், வாசல், மரணம் மூன்றுக்கும் ஒரே பெயர். ஸ்ரீரங்கத்தார் இதுவரை எதற்கும் குறி இட்டதில்லை, வினைச்சொல்லே பிரித்துக் காட்டிவிடும்: ஆடினார், சேவித்தார், அடைந்தார். 'தாத்தா நேற்று ராத்திரி பரமபதத்தில்' என்று வினையில்லாமல் அனுப்பப்படும் வாட்ஸாப் செய்தி மட்டும் விதிவிலக்கு. அதற்குக் குறி போதாது, போன் போட வேண்டும்.

பெயருக்குப் பதில் அளவைச் சொல்லும் வழக்கும் உண்டு: 'நாற்பது ஜிபி கேம்'. இது புதுமையன்று. திருவாய்மொழி உரைகள் ஆறாயிரப்படி, ஒன்பதினாயிரப்படி என்று பருமனாலேயே அறியப்படுகின்றன. நம்பிள்ளை ஸ்ரீரங்கத்தில் சொல்ல வடக்குத் திருவீதிப் பிள்ளை எழுதிய ஈடு, முப்பத்தாறாயிரப்படி. ஒரு படிக்கு 32 எழுத்து. ஆக 11,52,000 எழுத்து. இன்றைய கேமின் லோடிங் திரைக்குக்கூட அது காணாது. ஆனால் ஈடு ஹேங் ஆனதில்லை.

பெயர்மாற்றம். 'பப்ஜி'யின் விரிவிலேயே பேட்டில்கிரவுண்ட்ஸ் உண்டு. 2021இல் அதை 'பப்ஜி: பேட்டில்கிரவுண்ட்ஸ்' என்று மாற்றினர், 'நடு சென்டர்' என்று பேசுகிற ஊர் இதைக் குறை சொல்ல வழியில்லை. 2020 செப்டம்பரில் இந்தியாவில் தடை, 2021 ஜூலையில் 'பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா'; ஆடியவர்கள் பழைய பெயரையே சொன்னார்கள். தமிழ்நாட்டில் 1018 ஊர்ப்பெயர்களின் ஆங்கில எழுத்துக்கூட்டலை மாற்றி வெளிவந்த அரசாணை திரும்பப் பெறப்பட்டதும் அதே 2020இல்தான்.

மொழிபெயர்ப்பு. தலைப்பைத் தமிழாக்கினால் குறிச்சிக்கல் தீரும் என்பாரும் உளர். ரோட் ராஷ் என்பது விழுந்தவனின் தோல் சாலையில் உரிவது. 'சாலைச் சொறி' என்றவர் அகராதியின் முதற்பொருளோடு நிறுத்திக்கொண்டவர். 'சாலைச் சிராய்ப்பு' என்பதே நேர். இதிலிருந்து, சிராய்ப்பு மிகுந்த பள்ளி சிராப்பள்ளி ஆயிற்று என்று ஆறாம் நம்பர் சிஸ்டம் காட்டும். மூன்று தலை அரக்கன் திரிசிரனும், மலைக்குகையில் தங்கிய சிரா என்ற சமணத் துறவியும் இப்பெயருக்கு ஏற்கெனவே உரிமை கோரி நிற்கும் இடத்தில், முழங்கால் தேய்ந்த மூன்றாமவர் ஒருவருக்கும் இடமிருக்கிறது. சொற்பிறப்பியல் யாரையும் திருப்பி அனுப்பியதில்லை.

முற்றுப்புள்ளி. ஸ்ரீரங்கத்துக் கல்வெட்டுகள் பலவும் ஸ்ரீவைஷ்ணவ ரக்ஷை என்று முடியும், புள்ளி தேவைப்படவில்லை. புள்ளியோடு முடியும் தலைப்பு வாக்கியத்தின் ஈற்றில் வந்தால் ஒன்றா இரண்டா? ஐ.ஜி.ஐ. போன்ற இடங்களில் ஒன்றே போதும். இரண்டு வைத்தால் வாசகர் மூன்றாவதைத் தேடுவார்.