கேஸ் போடு மவனே, போடு!

வாடா மவனே, உக்காரு. மஞ்சப்பை கனக்குதே. பத்திரம், பட்டா, சிட்டா, அடங்கல், வில்லங்கம், கிஸ்தி ரசீது… ரேசன் கார்டு எதுக்குடா? சரி, கெடக்கட்டும்.

பங்காளி வரப்பைச் சீவிட்டாங்கிற. எம்புட்டு? அகலம் ஒன்றரை அடி, நீளம் 200 அடி. ஆக 300 சதுர அடி. ஒரு சென்ட்டுக்கு 435.6 சதுர அடி. முக்கால் சென்ட்டு கூடத் தேறல. ஆனா விட்டுறாத. வெண்டை போட்டா வாரம் அரைக் கூடை காய்க்குமே! கேஸ் போடு.

மொதல்ல முன்சீப் கோர்ட்டுல வழக்கு. கையோட இடைக்காலத் தடைக்கு ஒரு மனு. எதிர்வாதுரைக்கு அவன் வக்கீல் வாய்தா கேப்பாரு, அதுக்கு மறுவாய்தா உன் வக்கீல் கேப்பாரு. பொறவு இடத்தைப் பார்க்க கோர்ட்டு ஒரு வக்கீல் கமிஷனரை அனுப்பும், கூட சர்வேயரும் வருவாரு. மனுப் போட்டவன் நீ, அதனால படிக்காசு உன்னுது. அன்னைக்கு இருக்கு வேடிக்கை! நீ உன் மரத்து இளநீயை வெட்டுவ, அவன் அவன் மரத்துதை வெட்டுவான். கமிஷனர் ரெண்டையும் குடிச்சிட்டு அறிக்கை எழுதுவாரு. அதுக்கு நீ ஒரு ஆட்சேபணை, அவன் ஒரு ஆட்சேபணை. தோத்தவன் சப் கோர்ட்டு. அங்கயும் தோத்தா மதுரைக் கிளை. 2004-ல அதைத் திறந்ததுலருந்து மெட்ராசுக்கு ராத்திரி பஸ் ஏறுற சிரமம் உனக்கு இல்ல. நடுவுல எவனாவது மண்டையைப் போட்டாலும் கவலை இல்ல. வாரிசுகளைச் சேர்த்துக் கேஸு அது பாட்டுக்கு நடக்கும்.

பட்டா என் பேர்ல இருக்கேங்கிறியா? பட்டா சர்க்கார் கிஸ்தி வாங்க வச்ச கணக்குடா. மண்ணு யாருதுன்னு பத்திரமும் அதுக்கு முந்துன மூலப் பத்திரமும்தான் பேசணும். 1979-ல ஆரம்பிச்ச யூ.டி.ஆர். நிலக் கணக்குப் புதுப்பிக்கிற வேலையில ஏறுன தப்பை இன்னும் தாலுகா ஆபீசுல திருத்திக்கிட்டுத்தான் இருக்காக. பத்திரத்துல சக்குபந்தியைப் படி. ‘வேப்பமரத்துக்கு மேற்கு, வாய்க்காலுக்குக் கிழக்கு.’ அளவும் எல்லையும் முட்டுனா எல்லைதான் நிக்கும்பாக வக்கீலுக. உன் எல்லை எங்கடா? புயல்ல விழுந்த அந்த மரத்துல உங்கப்பன் கட்டில் செஞ்சான். நீ பொறந்ததே அதுலதான். கோர்ட்டுக்குப் போறப்ப கட்டிலையும் தூக்கிட்டுப் போ.

அவன் சீவுனது எந்த வருசம்? சரியாத் தெரியாதா? பாத்துக்க. 12 வருசம் உன் கண்ணு முன்னால, தன்னுதுன்னு, உனக்கு எதிரா அனுபவிச்சிருந்தா எதிரிடை அனுபவ பாத்தியம்னு கிளம்பிருவான். அதை வச்சு அவனே வழக்குப் போடலாம்னு 2019-ல உச்ச நீதிமன்றம் சொல்லிருச்சு. அந்த வரப்புலயே உக்காந்து நீ அவன்கூட பீடி குடிச்சியே, அதை எந்தக் கணக்குல சேர்ப்பாகளோ.

சாட்சிக்கு யாரு? நானா? ரொம்பச் சந்தோசம். அவனும் என் பேரைத்தான் குடுத்திருக்கான். பஸ் காசை ரெண்டு பேரும் பங்கு போட்டுக்கிடுங்க.

கேஸுக்கு முன்னால சர்வேயரைக் கூப்பிட்டு அளந்துரலாமா? தாராளமா! பணம் கட்டி மனுப் போடு, வருவாரு. புலப்படத்தை விரிச்சுக் கல்லுக்குக் கல்லு அளப்பாரு. அந்தக் காலத்து 66 அடிச் சங்கிலியோ இந்தக் காலத்து மெசினோ, அதுக்குப் பங்காளியும் தெரியாது, பகையாளியும் தெரியாது. கிழக்க அவன்கிட்ட ஆரம்பிச்சா மேக்க வந்துதானே முடியணும்? மேக்க என்ன இருக்கு? வாய்க்கால் புறம்போக்கு. உங்க தாத்தன் காலத்துல ரெண்டு ஆளு கைகோத்து அதுல எறங்கலாம். இப்ப எருமை ஒருக்களிச்சுப் போகுது. வருசம் ஒரு மம்பட்டியா உங்க வம்சம் உள்ள தள்ளுனது எனக்குத் தெரியும், வி.ஏ.ஓ.வுக்குத் தெரியாது. அளந்துட்டா அவருக்கும் தெரிஞ்சுரும். பி மெமோ வரும். 1905-ல வெள்ளைக்காரன் போட்ட ஆக்கிரமிப்புச் சட்டம், இன்னும் ஒரு பல்லு விழல அதுக்கு. சர்க்கார் நிலத்துல எனக்கும் பாத்தியம் உண்டுன்னு பேசிப் பாரேன். அங்க 12 இல்ல, 30 வருசம். அதுலயும் தண்ணி போற எடம்னா கோர்ட்டு லேசுல காது குடுக்காது. பங்காளிகிட்ட முக்கால் சென்ட்டு வாங்கப் போயி சர்க்காருக்கு மூணு சென்ட்டு விட்டுட்டு வந்த மொத ஆளா நீ இருக்க மாட்ட.

லோக் அதாலத்துன்னு ஒண்ணு இருக்கு. ரெண்டு பேரும் உக்காந்து பேசி முடிச்சா கட்டுன கோர்ட்டு பீஸு திரும்ப வரும். ஆனா அதுக்கு மேல அப்பீல் கெடையாது. அப்பீல் இல்லாத கேஸு உனக்குப் பிடிக்காது, விடு.

மனு என்னைக்குக் குடுக்கப் போற, திங்கக்கிழமையா? நல்ல நாளுதான். ஞாயித்துக்கிழமை ராத்திரி மட்டும் வாய்க்கால் ஓரத்துல நட்ட தென்னங்கன்னைப் பிடுங்கி உள்ள தள்ளி நட்டுரு. கடப்பாரை உன்கிட்ட ஏது? உன் பங்காளி வீட்டுலதான் கெடக்கு. எதுக்குன்னு கேட்டா, பெரியப்பன் கேட்டாருன்னு சொல்லி வாங்கிக்க.