டினையும் திணையும்: மிட் லேன் குறித்த ஒரு முதற்கட்ட ஆய்வு

டோட்டா 2 விளையாட்டில் மிட் லேனைத் தனியாளாக ஆடி வெல்வது எப்படி என்று சொல்லித்தரும் வீடியோக்களுக்குக் குறைவில்லை. அவற்றைச் செய்தவர்களில் ஒருவர்கூடத் தொல்காப்பியப் பொருளதிகாரத்தைப் புரட்டிப் பார்த்ததற்கான அகச்சான்று கிடைக்கவில்லை. அவர்கள் சொன்னபடியெல்லாம் ஆடியும் இக்கட்டுரையாளர் நான்கு ஆண்டுகளாக ஆர்க்கான் என்னும் நடுத்தரப் படியிலேயே உட்கார்ந்திருப்பதற்கு வேறு காரணம் இருக்க முடியாது. (கைவேகம் போதாது என்று சிலர் கருதுவர். அக்கருத்து ஆய்வுக்கு உகந்ததன்று.)

மிட் என்பது ஒரு திணை. அதற்கு நிலம் உண்டு, பொழுது உண்டு, கருப்பொருள் உண்டு. உரிப்பொருள் எது என்பதில்தான் இதுவரை யாரும் கைவைக்கவில்லை.

அறியாதார் பொருட்டு ஒரு சிறு விளக்கம். 2003இல் வார்கிராஃப்ட் 3 விளையாட்டுக்கு ரசிகர்கள் தாமே வரைந்துகொண்ட போர்க்கள வரைபடமாகத் தொடங்கியது டோட்டா. இரண்டாம் டோட்டாவை வால்வ் நிறுவனம் 2013இல் முறைப்படி வெளியிட்டது. அணிக்கு ஐந்து பேர். அணிக்கொரு மூலையில் கோட்டை, கோட்டைக்குள் ஏன்ஷியன்ட் என்றொரு கட்டடம். எதிரியின் ஏன்ஷியன்டை இடித்தவன் வென்றான். கோட்டைக்கும் கோட்டைக்கும் இடையே மூன்று பாதைகள். ஓரப் பாதைகளுக்கு இரண்டிரண்டு பேர் போக, மிட் எனப்படும் நடுவழிக்கு ஒருவனே போவான். இதில் ஒரு கணக்கு இருக்கிறது. எதிரிப் படை சாகும்போது கிடைக்கும் அனுபவப் புள்ளிகள் அருகில் நிற்கும் கூட்டாளிகளுக்குள் பங்காகப் பிரியும். தனியாக நிற்பவன் முழுதாக எடுத்துக்கொண்டு, எல்லோருக்கும் முன்னதாக ஆறாம் படி ஏறுவான். ஆறாம் படியில்தான் பெரும்பாலான வீரர்களுக்கு 'அல்ட்டி' எனப்படும் பெருவித்தை கைவரும். பங்காளி இல்லாத சொத்தின் அருமை தமிழர்க்குப் புதிதன்று என்பதால் மேலே செல்வோம்.

முதலில் நிலம். நடுவழி மூன்றிலும் குட்டையானது. குறுக்கே ஆறு ஓடுகிறது, இரு கரையும் மேடு. மேட்டில் நிற்பவனைப் பள்ளத்திலிருந்து எய்தால் நான்கில் ஓர் அம்பு தப்பும். மேட்டிலிருப்பவன் கண்ணுக்கும் தெரியமாட்டான். ஆகவே சண்டை நம் மேட்டில் நடக்கும்படி பார்த்துக்கொள்வதே மிட்டின் பாலபாடம். முப்பது விநாடிக்கு ஒரு முறை இரு கோட்டைகளிலிருந்தும் க்ரீப் என்னும் கூலிப்படை கிளம்பும். கையால் அடிப்பவர் மூவர், தொலைவிலிருந்து எறிபவர் ஒருவர். அந்த முதல் படைக்கு முன்னால் போய்க் குறுக்கும் நெடுக்குமாக நடக்க வேண்டும். தேரோட்டத்தில் சக்கரத்துக்கு முன்னே முட்டுக்கட்டையோடு பின்னோக்கி நடப்பவரைப் பார்த்திருப்பீர்கள். அவர் வேலை தேரை நிறுத்துவதன்று, ஆறப்போட்டு நகர்த்துவது. இங்கும் அதே. நம் படை தயங்கித் தயங்கி வர, எதிரிப் படை ஓடோடி வந்து நம் மேட்டில் ஏறி நின்றுவிடும். கட்டை போடுவதில் எனக்கு ஒரு சிறு குறை உண்டு. நால்வரில் ஒருவன் எப்படியும் என் இடப்பக்கமாக நழுவி ஓடிவிடுவான். அவன் தனியே எதிரியின் மேட்டில் ஏறிச் செத்து, எதிரிக்கு அன்றைய முதல் போணியைச் செய்துவைப்பான்.

பொழுது இரு வகைப்படும். ஆட்டத்துக்குள் ஐந்து நிமிடம் பகல், ஐந்து நிமிடம் இரவு. இரவில் பார்வை சுருங்கும் என்பதால், ஐந்தாம் நிமிடம் இருட்டியதும் ஓரப்பாதைக்காரர்கள் மரங்களுக்குள் புகுந்து நடுவழிக்காரன் கழுத்தைப் பிடிக்க வருவார்கள். இதற்கு 'கேங்க்' என்று பெயர். ஆட்டத்துக்கு வெளியே உள்ள சிறுபொழுது யாமம். யாமத்துக்குச் சற்று முன்னர் "தோசை ஆறுது, வா" என்று அம்மா அழைப்பதும், "இத நடுவுல நிறுத்த முடியாதும்மா" என்று மகன் மறுமொழி சொல்வதும் இத்திணைக்குரிய மரபு. ஆராய்ச்சி நேர்மை கருதி ஒன்றை இங்கே ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கிறது. டோட்டா 2இல் ஆட்டத்தை நடுவில் நிறுத்தலாம். அதற்கென்றே ஒரு விசை இருக்கிறது. இச்செய்தி தமிழ்நாட்டுத் தாய்மார்களுக்கு எட்டாமல் இருப்பது சாதாரண சாதனையன்று.

கருப்பொருள்களில் உணவு டேங்கோ. அதைக் கையில் வைத்திருப்பவன் பக்கத்து மரத்தைத் தின்று உடம்பைத் தேற்றிக்கொள்ளலாம். முல்லையிலும் குறிஞ்சியிலும் மரம் நிழலுக்கும் பூவுக்கும் நின்றது. இங்கே அதுவே சாப்பாடு. விலங்கு, பொருள் சுமந்து வரும் கொரியர் கழுதை. நீர், முன்சொன்ன ஆறு. அதில் இரண்டிரண்டு நிமிடத்துக்கு ஒரு முறை ரூன் என்னும் மந்திரப் பொருள் முளைக்கும், அதைப் பாட்டிலில் அடைத்துக்கொண்டு ஓடுவான் மிட். தெய்வம் ஐஸ்ஃப்ராக். டோட்டாவை ஆண்டுக்கணக்கில் செதுக்கிவரும் இவர் தம் முகத்தையோ உண்மைப் பெயரையோ வெளியில் காட்டியதில்லை. திடீரென்று ஓர் இரவில் விதிகளை மாற்றி அருள்வார். ஏன் என்று கேட்கக் கூடாது.

இனித் தொழில். புறத்திணையில் ஆநிரை கவர்தல் வெட்சி, கவர்ந்ததை மீட்டல் கரந்தை. மிட்டில் நடப்பது முழுக்க இவ்விரண்டே. எதிரியின் க்ரீப் எத்தனை பேரிடம் அடிபட்டாலும், உயிர் போகும் அந்தக் கடைசி அடி யாருடையதோ அவனுக்கே காசு. இது லாஸ்ட் ஹிட், அதாவது வெட்சி. நம் க்ரீப் ஒன்று பாதி உயிருக்குக் கீழே போனால் அதை நாமே கொன்றுவிடலாம். எதிரிக்குக் காசு போச்சு, அனுபவத்திலும் ஒரு பகுதி போச்சு. இதை ஆட்டக்காரர்கள் டினை என்பர். தன் மாட்டைத் தானே கொன்று மீட்பதைக் கரந்தை என்று கொள்ளலாமா என உரையாசிரியர்கள் இருந்தால் சண்டை போட்டிருப்பார்கள். கொள்ளலாம் என்பது நம் துணிபு. 'டினை' என்ற சொல்லே 'திணை'யின் திரிபுதான். தகரம் டகரமானதும், டண்ணகரம் றன்னகரமானதும் சிங்கப்பூர் சர்வர் வரை போய் வரும் தாமதத்தில் நேர்ந்தவை. இச்சொல் ஆங்கிலம் என்று வாதிடுவோர் வேர்ச்சொல்லாய்வில் தேறாதவர்கள்.

லாஸ்ட் ஹிட்டைக் கிட்டே போய்ப் பார்க்க வேண்டும். க்ரீப் தலைக்கு மேலிருக்கும் உயிர்க்கோடு நகத்தளவுக்குத் தேய்ந்திருக்கிறது. மூன்று க்ரீப்புகள் அதை அடிக்கின்றன. நீங்கள் எடுத்திருப்பது ஷேடோ ஃபீன்ட் என்னும் வீரன் என்றால் நீங்கள் எறியும் குண்டு பறந்து போய்ச் சேரவே ஒரு நேரம் பிடிக்கும். ஆட்டத் தொடக்கத்தில் அவன் அடியில் சத்தும் இல்லை. கொன்ற உயிர்களைச் சேர்த்துச் சேர்த்துத்தான் கை வலுக்கும், செத்தால் அதிலும் ஒரு பங்கு போய்விடும். எனவே இன்னொரு க்ரீப்பின் அடி விழுவதற்கும் உங்கள் குண்டு விழுவதற்கும் உள்ள இடைவெளியை விரல் அறிந்திருக்க வேண்டும். எதிரே நிற்பவனும் அதே க்ரீப்பைத்தான் பார்க்கிறான், டினை செய்ய. அவன் கையை ஓங்குகிறான், 'எஸ்' விசையைத் தட்டி நிறுத்துகிறான். ஓங்குகிறான், நிறுத்துகிறான். அது பொய். அதை நம்பி நீங்கள் அவசரப்பட்டு அடித்தால் க்ரீப்புக்கு ஒரு நூலளவு உயிர் மிஞ்சும், அவன் சிரித்தபடி எடுத்துக்கொள்வான். சந்தையில் துண்டுக்கடியில் விரல்பிடித்து மாட்டு விலை பேசுகிறவர்களின் முகத்தைப் பார்த்தவர்களுக்கு இந்த நேரத்து அமைதி புரியும். பத்து நிமிடம் இப்படி நின்று முப்பது க்ரீப் எடுத்த பிறகு, எதிரியின் மேட்டிலிருந்து இருநூறு, நானூற்றைம்பது, எழுநூறு என்னும் மூன்று தூரங்களில் விழும் 'ரேஸ்' வித்தையில் சரியாக நடுவில் நான் போய் நிற்பேன்.

அகத்திணை ஏழில் முதலும் கடையுமான கைக்கிளையும் பெருந்திணையும் பெரும்பாலும் மிட்டுக்கே உரியவை. ஒருதலைக் காமம் கைக்கிளை: இன்வோக்கர் என்னும் வீரன்மேல் எனக்குள்ளது அது. மூன்று உருண்டைகளை முறைமாற்றிச் சேர்த்துப் பத்து மந்திரம் வரவழைப்பவன் அவன். எனக்கு இதுவரை நான்கு வந்திருக்கிறது, அதிலும் இரண்டு நான் கேட்டவை அல்ல. பொருந்தாக் காமம் பெருந்திணை: கூட்டாளியைக் குணப்படுத்தவே பிறந்த சப்போர்ட் வீரனைப் பிடிவாதமாக மிட்டுக்கு இட்டுச் செல்லல்.

உலகெங்கும் டோட்டா ஆடுவோர் அறிந்த ஒரு மிரட்டல் உண்டு: "மிட் ஆர் ஃபீட்." நடுவழியை எனக்குத் தா, தராவிட்டால் வேண்டுமென்றே போய்ப் போய்ச் செத்து எதிரியைக் கொழுக்க வைப்பேன் என்பது பொருள். இதைக் குழந்தைத்தனம் என்று பலர் ஒதுக்கிவிட்டனர். இது மடலேறுதல். விரும்பிய பெண்ணைத் தராவிட்டால் பனைமட்டைக் குதிரையேறி, எருக்கம்பூச் சூடி, உடம்பெல்லாம் இரத்தம் ஒழுக நடுத்தெருவில் வருவேன் என்று தலைவன் மிரட்டுவானே, அதே மனநிலை, அதே தர்க்கம்: தன்னைத் தானே கெடுத்துக்கொண்டு ஊரை வெட்கப்படுத்துதல். நுட்பம் என்னவென்றால், மடலேறுவேன் என்று சொல்வதை மட்டும் மரபு பொறுத்துக்கொள்ளும். ஏறியே விட்டால் அது பெருந்திணை. டோட்டாவிலும் அப்படியே. மிரட்டுகிறவனை எல்லோரும் சகித்துக்கொள்வர். உண்மையாகவே ஃபீட் செய்பவன் மேல் ரிப்போர்ட் விழும்.

அறிஞர் வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லி முடிப்பேன். 2011இல் ஜெர்மனியின் கொலோன் நகரில் நடந்த முதல் 'தி இன்டர்நேஷனல்' போட்டியில் நாவி அணி பத்து லட்சம் டாலர் வென்றபோது அதன் மிட் உக்ரைன்காரரான டென்டி. 2015இல் எவில் ஜீனியஸஸ் அணிக்கு மிட் ஆடி அதே கோப்பையை எடுத்த சுமெயில், கராச்சியில் பிறந்தவர், வயது 16. அந்த வயதில் நான் பிரவுசிங் சென்டரில் மணிக்கு இருபது ரூபாய் கொடுத்து, கட்டை போடக்கூடத் தெரியாமல் நின்றேன். 2017இல் ஓப்பன்ஏஐ நிறுவனத்தின் இயந்திரம் ஒன்று டென்டியோடு ஒற்றைக்கொற்றை மிட் ஆடியது, இருவருக்கும் ஷேடோ ஃபீன்ட். டென்டி முதல் ஆட்டம் தோற்றார், இரண்டாவதைப் பாதியில் விட்டார். மனிதகுலம் மிட்டை இழந்தது என்று அன்று பலர் வருந்தினர். பிறகு அதோடு மோதிய சிலர் எதிரியின் க்ரீப் படையை ஆடு மேய்ப்பதுபோல் வேறெங்கோ இழுத்துக்கொண்டு சுற்ற, அது திகைத்துத் தோற்றது தனிக்கதை. எனக்கு எழும் ஐயம் வேறு. அந்த இயந்திரத்துக்குக் கூட்டாளிகள் நால்வர் இல்லை. அது செத்தபோது யாரும் அதைத் திட்டவில்லை, அதுவும் யாரையும் திட்டவில்லை. அது ஆடியதை மிட் என்று எப்படிக் கொள்வது?

இதனால் உரிப்பொருள் வெளிப்படுகிறது. நடுவழியின் உரிப்பொருள் பழி. நான் செத்ததும் நான்கு திசையிலிருந்தும் 'வெல் ப்ளேய்ட்!' என்னும் ஆயத்தக் குரல் ஒலிக்கும். இலக்கணத்தில் இது வஞ்சப்புகழ்ச்சி. நானும் சும்மா இருப்பதில்லை. வார்டு என்னும் காவற்கண்ணை வைக்காததால்தான் ஆற்றில் வந்தவனைப் பார்க்கவில்லை என்று சப்போர்ட்டைச் சாடுவேன். ஒரு யாமத்தில் மைக்கை மூட மறந்து "ஐயோ" என்று கத்திவிட்டேன். மறுமுனையில் அதுவரை ஆங்கிலத்தில் வைதுகொண்டிருந்தவர் சற்று மௌனமாகி, "அண்ணே, தமிழா? நான் ஈப்போ" என்றார். நெஞ்சு நெகிழ்ந்தது. அடுத்த முறை நான் செத்தபோது, "மிட்டுல என்னதாண்ணே பண்ணிட்டு இருக்கீங்க?" என்றார் அன்னைத் தமிழில். அலர் தூற்றல் தாய்மொழியில் நிகழும்போது அதன் சுவை தனி.

இவ்வளவையும் எழுதி வைத்திருந்த நேரத்தில், முழுப்பரீட்சை லீவுக்கு மதுரையிலிருந்து அக்கா மகன் லேப்டாப்போடு வந்து இறங்கினான். ஒன்பதாவது முடித்திருக்கிறான். கட்டுரையை அவனிடம் வாசித்துக் காட்டினேன். மடல் வரைக்கும் கேட்டான்.

"மாமா, நீங்க என்ன ரேங்க்?"

சொன்னேன். ஒன்றும் சொல்லாமல் தன்னுடையதைத் திருப்பிக் காட்டினான். டிவைன். எனக்கு மூன்று படி மேலே.

"சேந்து ஒண்ணு போடலாம். மிட் நான் போறேன், நீங்க அஞ்சு எடுங்க."

அஞ்சு என்றால் ஐந்தாமிடம், அதாவது அணியிலேயே ஏழை. வார்டு வாங்குவது, வைப்பது, சாவது. மடலேறுதல் பற்றி அப்போதுதான் அவ்வளவு பேசியிருந்ததால் மிரட்டவும் வழியில்லை. ஆட்டம் தொடங்குகிற நேரம் பார்த்து அம்மா வாசலில் வந்து நின்றாள். "ரெண்டு பேரும் சாப்பிட்டுட்டு ஆடுங்களேன்டா. நிறுத்த முடியாதுன்னு சொல்லாதே."

"நிறுத்தலாமே பாட்டி" என்றான் பேரன், விசையைத் தட்டிக் காட்டி. திரை உறைந்தது.

அம்மா திரையைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். பதினோரு வருடத்துத் தோசைகள் அந்தப் பார்வையில் இருந்தன. ஒன்றும் பேசாமல் உள்ளே போனாள்.

தட்டோடு திரும்பி வந்து உட்கார்ந்தோம். எதிரணியே பொறுமையிழந்து ஆட்டத்தை அவிழ்த்துவிட்டிருந்தது. அவன் க்ரீப்புகளுக்கு முன்னால் குறுக்கும் நெடுக்குமாக நடந்தான். நான்கில் ஒன்றுகூட நழுவவில்லை. ஆற்றங்கரை மேட்டில் அவனுக்காக ஒரு வார்டை நட்டேன்.

"மாமா, ரெண்டு டேங்கோ குடுத்துட்டுப் போங்க."

என்னிடம் மூன்றுதான் இருந்தது. கொடுத்தேன்.