சிறுசேரிப் பீரியல்: ஒரு முன்னாய்வு

உலகப் பண்பாடுகளைப் பீரின் வழியே அறியும் துறையில் சிறுசேரிக்கு இன்னும் உரிய இடம் கிடைக்கவில்லை. அந்தக் குறையைப் போக்கவே இக்கட்டுரை.

ஆய்வுக்களம் சிப்காட் வாசல். காலம் வெள்ளிக்கிழமை மாலை. கழுத்தில் அடையாள அட்டையோடு வெளிவருவோர் மூன்று கொள்கையினர். பெல்ஜியம் போய் வந்தவர் கோதுமை பீரின் நுரையைப் பேசுவார். பெங்களூரில் இருந்தவர் மைக்ரோபிரூவரி என்பார். மூன்றாமவர் பேசுவதேயில்லை. டாஸ்மாக் கம்பிக்குள் கையை நீட்டி, "அண்ணே, கூலிங் இருக்கா?" என்பார், பாட்டிலைப் புறங்கையால் தொட்டுப் பார்த்தே வாங்குவார். முந்தைய இருவரும் கடைசியில் இந்தக் கேள்விக்கே வந்து சேர்வதால் இதுவே சித்தாந்தம், மற்றவை பூர்வபட்சம்.

பீர் வெள்ளைக்காரன் சரக்குதானே என்று சிலர் மறுக்கலாம். அவர்கள் பெரும்பாணாற்றுப்படையைப் புரட்டாதவர்கள். காஞ்சியை ஆண்ட தொண்டைமான் இளந்திரையனைப் பாடிய கடியலூர் உருத்திரங்கண்ணனார், வழியில் வலைஞர் குடியிருப்பில் நின்று செய்முறையே எழுதிவைத்திருக்கிறார். குற்றாத அரிசியைக் களியாகத் துழாவிக் கிண்டி, வாயகன்ற தட்டில் ஆறவிட வேண்டும். முளைகட்டிய நெல்லை இடித்துக் கலக்க வேண்டும். அது புற்றாஞ்சோறு போல இருக்குமாம். இரண்டு பகல், இரண்டு இரவு சாடியில் விளையவிட்டு, விரலால் அலைத்துப் பிழிய வேண்டும். தொட்டுக்கொள்ளச் சுட்ட மீன்.

பவேரியக் கோமகன் நான்காம் வில்ஹெல்ம் 1516-இல் போட்ட சட்டம் பார்லி, ஹாப்ஸ், தண்ணீர் மூன்றைத்தான் அனுமதித்தது. ஈஸ்டைச் சொல்லவில்லை, நம் புலவரும் சொல்லவில்லை. ஆனால் சைடு டிஷ்ஷை மறந்த சட்டம் என்ன சட்டம்?

சுமேரியர் நின்காசி என்று பீருக்கே ஒரு பெண்தெய்வம் வைத்துப் பாடினார்கள். நம் புலவர் பார்வையோ வேறு. நீர்ப்பெயற்றுத் துறைமுகத்துப் பட்டினத்தில் (மாமல்லபுரம்தான் என்பாரும் உண்டு) கள் சமைத்த பெண்கள் கலம் கழுவிய தண்ணீர் வழிந்து, சேறாகி, அதில் பன்றிகள் புரண்டதுவரை குறித்துவைத்தார். மழைக்கால ஓ.எம்.ஆரில் வண்டி ஓட்டியவர்களுக்கு இந்தக் குறிப்பின் அருமை தெரியும்.

செய்முறையைச் சோதித்துப் பார்த்தீர்களா என்று நண்பர்கள் கேட்கிறார்கள். தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம், 1937-இன்படி வீட்டில் அதைக் காய்ச்சுவது குற்றம். எம்.ஏ. தமிழ் மாணவர்கள் படிக்க மட்டும் தடையில்லை.