அழிச்சிட்டுப் போடும் அண்ணாச்சி

குருவிகுளம் பக்கம் கம்ப்யூட்டர் இருக்கிற வீடுகளுக்கு இந்த அண்ணாச்சியைத் தெரிந்திருக்கும். பெயர் வேண்டாம், அவர் ஓர் ஆள் அல்ல, ஓர் இனம். வயது முப்பதுக்கு மேல், நாற்பதுக்குள். வண்டிச் சாவியோடு ஒரு பென்டிரைவும் தொங்கும். ஏ.டி.எம். பின் நம்பரை மறந்தாலும் மறப்பார், ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் இரண்டாம் பாகத்தின் சி.டி. கீயை எழுத்துப் பிசகாமல் ஒப்பிப்பார். 1999-ல் வந்த அந்த விளையாட்டு திறக்க மாட்டேன் என்கிறது என்று யாராவது வாயெடுத்தால் போதும். என்ன எர்ரர் வந்தது, எப்போதிலிருந்து வருகிறது என்றெல்லாம் கேட்க மாட்டார். "நோண்டாதப்பா. அழிச்சிட்டுப் போட்டுருவோம்" என்பார். அன்இன்ஸ்டால், ரீஸ்டார்ட், மறுபடி இன்ஸ்டால். அதற்கும் மசியாவிட்டால் சிஸ்டத்தையே ஃபார்மட் அடித்து ஓ.எஸ். ஏற்றிவிடுவார். அவரது வைத்திய முறையில் மூன்றாவது மருந்து கிடையாது. இவரைச் சோம்பேறி என்று யாரும் சொல்லிவிட முடியாது. இரண்டு நிமிட வேலைக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமையை முழுசாகத் தாரை வார்க்கிறவர். அவர் மீது உள்ள குற்றச்சாட்டு வேறு. கோளாறு இருக்கிற இடத்தை மட்டும் பத்திரமாக விட்டுவிட்டு, கோளாறே இல்லாத மற்ற எல்லாவற்றையும் அவர் புதுப்பித்துக்கொண்டிருக்கிறார்.

அவர் வானத்திலிருந்து குதித்துவிடவில்லை. தமிழக அரசின் இலவச லேப்டாப் திட்டம் 2011 செப்டம்பர் 15, அண்ணா பிறந்தநாளன்று தொடங்கியது. அந்த வருடம் பிளஸ் டூ படித்த பிள்ளைக்கு இன்று முப்பதைத் தாண்டியிருக்கும். கணக்குப் போட்டுப் பார்த்தால் அண்ணாச்சியின் பூர்வீகம் அங்கேதான் வருகிறது. முதல் தவணை லேப்டாப்பில் 2 ஜிபி ரேம், 320 ஜிபி ஹார்ட் டிஸ்க், விண்டோஸ் 7 ஸ்டார்ட்டர், பக்கத்திலேயே பாஸ் லினக்ஸ் என்ற இன்னொரு ஓ.எஸ். இடத்தை அடைக்கிறது என்று அண்ணாச்சி கொடுத்த முதல் பலி பாஸ் லினக்ஸ். ஸ்டார்ட்டர் பதிப்பில் டெஸ்க்டாப் படத்தைக்கூட மாற்ற முடியாது. படத்தை மாற்ற முடியாதவன் விண்டோஸையே மாற்றினான். இரண்டாவது பலி அது. பக்கத்தில் சர்வீஸ் கடை என்றால் சங்கரன்கோவிலுக்கோ கோவில்பட்டிக்கோ பஸ் ஏற வேண்டும், ஆகவே ஓ.எஸ். ஏற்றத் தெரிந்த பையன் ஊருக்குள் டாக்டரானதில் அதிசயம் ஒன்றுமில்லை. இதில் நியாயமும் இருந்தது. 2012-ல் சென்னைக்கு வெளியே பல மாவட்டங்களில் நாளுக்குப் பத்து மணி நேரத்துக்கு மேல் கரண்ட் இருக்காது. யு.பி.எஸ். இல்லாத பழைய டெஸ்க்டாப் ஒரு ஃபைலை எழுதிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போனால் ஃபைல் அரைகுறையாக நிற்கும். கை மாறி கை மாறி வருகிற பென்டிரைவில் ஃபோல்டர்களையெல்லாம் ஷார்ட்கட்டாக மாற்றிவிடும் வைரஸ் வேறு. சி.டி.யோ காப்பிக்குக் காப்பி எடுத்தது. அந்தக் காலத்தில் கோளாறு பெரும்பாலும் ஃபைலில்தான். கெட்டுப்போன ஃபைலுக்கு நல்ல ஃபைலை வைப்பதுதான் வைத்தியம், அதற்கு அழித்துப் போடுவதுதான் வழி. அன்றைக்கு அண்ணாச்சி சொன்னது சரி. காலம் மாறியது அவர் காதுக்கு எட்டவில்லை, அவ்வளவுதான்.

எட்டியிருந்தால் விண்டோஸ் விஸ்டாவிலிருந்து நடந்துவரும் ஒரு வேடிக்கையைக் கவனித்திருப்பார். புரோகிராம் ஃபைல்ஸ் என்கிற ஃபோல்டருக்குள் பழைய விளையாட்டுகள் இஷ்டத்துக்கு எழுத விண்டோஸ் அனுமதிப்பதில்லை. மறுக்கவும் செய்யாமல், "எழுதிக்கோ" என்று தலையாட்டிவிட்டு, எழுதியதை விர்ச்சுவல் ஸ்டோர் என்று வேறொரு மூலையில் கொண்டுபோய் வைக்கிறது. ஆட்டக்காரரின் பெயர், சேவ் செய்த ஆட்டங்கள் எல்லாம் அங்கே போய்ச் சேரும். திரை அளவு போன்ற தெரிவுகள் ரெஜிஸ்ட்ரி என்ற விண்டோஸின் குறிப்பேட்டில் உட்கார்ந்திருக்கும். அன்இன்ஸ்டால் செய்கிற நிரல் தான் வைத்ததை மட்டும் எடுத்துக்கொண்டு போகும். இவற்றின் பக்கமே வராது. அண்ணாச்சி வேர்க்க விறுவிறுக்க மறுபடி இன்ஸ்டால் செய்து ஐகானைத் தொடும்போது, விளையாட்டு அதே மூலைக்குப் போய் அதே பழைய தெரிவுகளைப் படித்து, அதே இடத்தில் படுத்துக்கொள்கிறது. குருவிகுளத்துக்காரருக்கு இது புரியாத சங்கதி அல்ல. 2019 நவம்பர் 22 அன்று தென்காசி மாவட்டம் புதிதாக இன்ஸ்டால் ஆனது. ஆனாலும் பழைய பத்திரத்தை எடுத்துப் பார்த்தால் நாம் இன்னும் திருநெல்வேலி மாவட்டத்தில்தான் குடியிருக்கிறோம்.

"அதுக்குத்தான் ஃபார்மட் அடிக்கிறது" என்று அண்ணாச்சி கட்சியார் மடக்குவார்கள். ஒத்துக்கொள்ளலாம்; ஃபார்மட் அடித்தால் அந்த மூலையும் சேர்ந்து போகும், கல்யாண போட்டோக்களும் சேர்ந்து போகும். ஆனால் சண்டை பழைய விளையாட்டுக்கும் புதிய விண்டோஸுக்கும் நடுவில் இருக்கும்போது, அதே விண்டோஸைத் திரும்ப ஏற்றினால் அதே சண்டைதான் திரும்ப வரும். விண்டோஸ் 7-ல் ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் திறந்து, புல்லும் தண்ணீரும் ஹோலிப் பண்டிகை கொண்டாடுவதைப் பார்த்தவர்கள் உண்டு. அந்த விளையாட்டு 256 வண்ணங்களை மட்டும் வைத்துப் படம் வரைவது. எந்த 256 என்கிற பட்டியலில் விண்டோஸின் எக்ஸ்புளோரர் நடுவில் புகுந்து கை வைக்கிறது. டாஸ்க் மேனேஜரில் எக்ஸ்புளோரரை நிறுத்திவிட்டு ஆட்டத்தைத் திறந்தால் புல் பச்சையாகிவிடும். திரை அளவு மாற்றும் ஜன்னலைப் பின்னால் சும்மா திறந்து வைத்தாலும் சரியாகிவிடும். கேட்டால் மந்திரித்துத் தாயத்துக் கட்டுகிற மாதிரி இருக்கும். ஆனால் வேலை செய்வது இதுதான். அறிவியல் மாதிரி தோன்றுகிற இன்ஸ்டால் வேலை செய்யாது. அண்ணாச்சி முன்னால் எக்ஸ்புளோரரை நிறுத்திக் காட்டக்கூடாது என்பது தனி விஷயம். கீழே இருக்கிற பட்டையும் ஐகான்களும் ஒரு கணத்தில் மறையும். "போச்சு, ஓ.எஸ். போச்சு" என்று பென்டிரைவைக் கையில் எடுத்துவிடுவார்.

குற்றம் முழுவதும் அவர் தலையில் இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். கமாண்ட் அண்ட் கான்கர் ஜெனரல்ஸ், அதன் ஜீரோ ஹவர் தொடர்ச்சி இரண்டும் 2003-ல் வந்தவை. பிரவுசிங் சென்டர் காலத்தில் இவற்றை ஆடாத பையன் அபூர்வம். இன்றைய விண்டோஸில் திறந்தால் பாதியில் நின்று ஒரு செய்தி வரும். கடுமையான பிழையாம், வைரஸ் காரணமாக இருக்கலாம், கருவி சூடேறியது காரணமாக இருக்கலாம் என்கிற பாணியில் பேசும். கரிசல் காட்டுச் சித்திரை வெயிலில் உட்கார்ந்திருக்கிற மனுஷனிடம் சூடு காரணம் என்று சொன்னால் நம்பாமல் என்ன செய்வார்? டேபிள் ஃபேனை லேப்டாப் பக்கம் திருப்பிவிட்டுத் தான் வேர்த்துக்கொண்டிருப்பார். உண்மையான காரணம் பெரும்பாலும் டாக்குமெண்ட்ஸ் ஃபோல்டருக்குள் ஆப்ஷன்ஸ் என்ற சின்ன எழுத்துக்கோப்பு உருவாகாமல் போனதுதான். நோட்பேடில் நாலு வரி அடித்து வைத்தால் ஆட்டம் ஓடும். நூறு தடவை இன்ஸ்டால் செய்தாலும் அந்த நாலு வரி தானாக வந்து உட்காராது. இதைவிடக் கொடுமை சி.டி.யைக் காசு கொடுத்து வாங்கியவன் பாடு. அந்தக் காலத்துப் பல விளையாட்டுகளில் இருந்த சேஃப்டிஸ்க் என்ற திருட்டுத் தடுப்பை, பாதுகாப்புக்கு ஆபத்து என்று 2015-ல் வந்த விண்டோஸ் 10 கழற்றிவிட்டது. அசல் சி.டி. வைத்திருப்பவனுக்கு ஆட்டம் திறக்காது, திருட்டுக் காப்பிக்காரனுக்குத் திறக்கும். இந்த நீதியைப் பார்த்த பிறகு அண்ணாச்சிக்குத் தர்க்கத்தில் நம்பிக்கை போனதென்றால், அதை அவர் குற்றம் என்று சொல்ல வாய் வரவில்லை.

இன்னொரு ஆட்சேபம் வரும், இதுதான் வலுவானது: "அழிச்சிட்டுப் போட்டு எத்தனையோ தடவை ஓடியிருக்கே?" ஓடியிருக்கிறது. ஆனால் எது ஓட்டியது? நடுவில் ஒரு ரீஸ்டார்ட் நடந்தது; தொங்கிக்கொண்டிருந்த ஏதோ ஒன்று அதில் செத்தது. இன்ஸ்டாலோடு கூடவே டைரக்ட்எக்ஸ் ஏறியது. இந்த முறை நினைவாக ரைட் கிளிக் செய்து அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்தார். விண்டோஸ் கேட்டபோது டைரக்ட்பிளே என்ற பழைய உறுப்புக்கு ஓகே கொடுத்தார். விண்டோஸ் 8-லிருந்து அது தானாக வருவதில்லை, கேட்டு வாங்க வேண்டும். இவற்றில் ஏதோ ஒன்றை மட்டும் தனியாகச் செய்திருந்தாலே வேலை முடிந்திருக்கும். எல்லாவற்றையும் ஒரே நாளில் செய்ததால் எது மருந்து என்று அவருக்கு என்றைக்கும் தெரியப்போவதில்லை. அடுத்த தடவையும் முழுக் கஷாயத்தையே காய்ச்ச வேண்டியதுதான்.

ஆனால் அண்ணாச்சிக்கு மருந்து தெரிய வேண்டும் என்ற ஆசையே இல்லையோ என்று சந்தேகப்பட இடமிருக்கிறது. அவர் ஆடுகிற ஆட்டத்தைப் பாருங்கள். ஏஜ் ஆஃப் எம்பயர்ஸில் ஒரு டவுன் சென்டர், மூன்று குடியானவர்கள், வேவு பார்க்க ஒரு குதிரைக்காரன், இதுதான் தொடக்கம். அந்தச் சுத்தமான நிலை அவருக்கு உயிர். ஆடுகளை ஓட்டிவந்து வரிசையாக நிறுத்துவார். ஒரு குடியானவனை ஓநாய் கடித்துவிட்டால் "ரீஸ்டார்ட்" என்பார். எதிரி நாலு பேர் வேலியைத் தாண்டினால் ரீஸ்டார்ட். நாலு யுகம் உள்ள ஆட்டத்தில் அவர் இரண்டாவதைத் தாண்டிப் பார்த்தவர்கள் இல்லை. ஸ்காட்லாந்து வீரன் வில்லியம் வாலஸின் கதையை வைத்து ஆடக் கற்றுக்கொடுக்கும் பகுதி ஒன்று உண்டு, ஏழு கட்டம். ஒவ்வொரு ஃபார்மட்டுக்கும் பிறகு சேவ் போய்விடுவதால் அதை முதலிலிருந்து ஆடுவார். நாலாவது கட்டத்துக்குள் அடுத்த கோளாறு வந்துவிடும். வாலஸ் 1298-ல் தோற்ற ஃபால்கிர்க் களம் ஏழாவது கட்டம். அண்ணாச்சியின் வாலஸுக்கு அங்கே போய்த் தோற்கிற வாய்ப்புக்கூடக் கிடைத்ததில்லை. தோல்வியைத் தொடர்ந்து ஆட மாட்டாதவர் கோளாறைத் தொடர்ந்து ஆராய்வார் என்று எதிர்பார்ப்பது நம் தப்பு. இரண்டுக்கும் அவரிடம் இருப்பது ஒரே பட்டன்.

சொந்த நேரம், சொந்த லேப்டாப், யாருக்கு என்ன நஷ்டம் என்று கேட்கலாம். பழைய சி.டி. காலத்தில் நஷ்டம் ஒரு மத்தியானத்தோடு முடிந்தது. இன்று அதே விளையாட்டின் புதிய பதிப்புக்கு 64 பிட் விண்டோஸும் 4 ஜிபி ரேமும் 30 ஜிபி இடமும் வேண்டும். 2022 ஏப்ரலில் வந்த இந்தியப் பகுதியில் திராவிடர் என்று ஓர் இனமே இருக்கிறது. அவர்களுடைய வீரர்கள் சொடுக்கினால் தமிழில் பதில் சொல்கிறார்கள், ராஜேந்திர சோழன் படையெடுப்பு தனிக் கதையாக உண்டு, உருமி வீசுகிற படை உண்டு. கங்கை கொண்டவனை நம் பிள்ளைகள் ஆடிப் பார்க்கலாம், அண்ணாச்சி விட்டால். தினம் ஒன்றரை ஜிபி ரீசார்ஜில் செல்போன் ஹாட்ஸ்பாட் போட்டு ஆடுகிற வீட்டில், "அழிச்சிட்டுப் போட்டுருவோம்" என்ற ஒரு வார்த்தைக்கு விலை இருபது நாள் நெட். இத்தனைக்கும் விளையாட்டை இறக்கித் தருகிற ஸ்டீமில் ஃபைல்களைச் சரிபார்க்கச் சொல்லி ஒரு வசதி இருக்கிறது. கெட்டுப்போன ஃபைலை மட்டும் கண்டுபிடித்து அதை மட்டும் இறக்கிக்கொள்ளும். அண்ணாச்சி அதைத் தொட மாட்டார். எதையும் அழிக்காத வைத்தியத்தை அவர் வைத்தியம் என்றே ஒப்புக்கொள்வதில்லை.

அவரை ஊரை விட்டுத் தள்ள வேண்டாம். ஹார்ட் டிஸ்க் நிஜமாகவே படுத்துவிட்டால் ராத்திரி பதினோரு மணிக்கும் வந்து உட்கார்கிறவர் அவர் ஒருவர்தான், டீயைத் தவிர வேறு கூலி கேட்டதில்லை. ஆகவே அண்ணாச்சி உங்கள் வீட்டுப் படியேறினால் டீ கொடுங்கள், ஃபேனைப் போடுங்கள். ஆனால் அவர் பென்டிரைவைச் சொருகுவதற்கு முன்னால் டாக்குமெண்ட்ஸ் ஃபோல்டரையும் விளையாட்டின் சேவ் ஃபோல்டரையும் வேறொரு இடத்தில் காப்பி எடுத்து வைத்துவிடுங்கள்.