தட்டெண் 796.962

எண்பதுகளின் கடைசியில் ரொறன்ரோவின் ஸ்காபரோவுக்கு வந்திறங்கிய எங்களுக்கு ஐஸ் ஹொக்கி என்பது சனிக்கிழமை இரவு அடுத்த வீட்டுச் சுவரைத் தாண்டி வரும் கூச்சல் மட்டுமே. நாங்கள் கிரிக்கெற்றோடும் உதைபந்தாட்டத்தோடும் வளர்ந்த பிள்ளைகள். நான் வேலைசெய்த தொழிற்சாலையில் திங்கட்கிழமைத் தேநீர் இடைவேளை முழுவதும் ஹொக்கிக் கதைதான். யார் கோல் போட்டான், யார் யாரைச் சுவரோடு மோதவைத்தான், ரொறன்ரோ அணியான மேப்பிள் லீவ்ஸ் ஏன் திரும்பவும் தோற்றது. குளிரைப் பற்றிக் கதைக்கலாம், ஓவர்ரைம் பற்றிக் கதைக்கலாம். அதற்கு மேல் அந்த மேசையில் எனக்குச் சொல்ல ஒன்றுமில்லை. தொலைக்காட்சியில் பார்த்தாலும் பிடிபடவில்லை. பக் என்ற அந்த வட்டு எங்கே என்று கண் தேடி முடிப்பதற்குள் கோல் விழுந்து சிவப்பு விளக்கு எரிந்துவிடும்.

அதனால் நூலகத்துக்குப் போனேன். அங்கே ஐஸ் ஹொக்கிக்கு உரிய தட்டெண் 796.962. அந்தத் தட்டில் பாதிக்கு மேல் நட்சத்திர ஆட்டக்காரரின் வாழ்க்கை வரலாறுகள். பளபளக்கும் அட்டை, கொல்லைப்புறத்தில் தண்ணீர் பாய்ச்சி உறையவைத்துத் தந்த அப்பா, விடியமுதல் எழுப்பிவிட்ட அம்மா, கடைசி அத்தியாயத்தில் தேசிய ஹொக்கி லீக்கின் வெற்றிக்கிண்ணமான ஸ்ரான்லி கிண்ணம். ஒன்றைப் படித்தால் மற்றவற்றைப் படித்த மாதிரித்தான். அவற்றின் நடுவே கென் டிறைடன் எழுதிய ‘தி கேம்’ இருந்தது. 1983இல் வந்தது. அதைவிட நல்ல விளையாட்டுப் புத்தகம் ஒன்றை நான் இன்றுவரை படிக்கவில்லை.

டிறைடன் மொன்றியல் கனேடியன்ஸ் அணியின் கோல் காப்பாளர். எட்டுப் பருவங்களில் ஆறு ஸ்ரான்லி கிண்ணம். மக்கில் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தவர். உச்சத்தில் இருக்கும்போதே 1973-74 பருவத்தை விட்டுவிட்டு ஒரு சட்ட நிறுவனத்தில் பயிற்சிக்குப் போனார். 1979இல், முப்பத்தொரு வயதில், ஒரேயடியாக ஆட்டத்தை நிறுத்தினார். புத்தகம் அந்தக் கடைசிப் பருவத்தின் சில நாள்களைப் பற்றியது. பேருந்து, விமான நிலையம், உடைமாற்றும் அறை, காத்திருப்பு. கோல் காப்பாளருக்கு ஆட்டத்தின் பெரும்பகுதி காத்திருப்புத்தான். ஆட்டம் நிற்கும்போதெல்லாம் மட்டையை நிலத்தில் ஊன்றி, அதன் நுனியில் இரண்டு கைகளையும் வைத்து, அதன்மேல் நாடியைச் சாய்த்துக்கொண்டு நிற்பார். அந்தப் படம் கனடாவில் எல்லாருக்கும் தெரியும். அப்படி நின்றுகொண்டு அவர் எதைப் பார்த்தார் என்பதுதான் ‘தி கேம்’.

முன்னால் நிற்கும் கூட்டாளிக்குப் பாஸ் கொடுக்கலாம் என்ற விதி 1929இல்தான் ஆடுகளம் முழுவதற்கும் வந்தது. அதற்கு முன் எதிரணியின் எல்லைக்குள் பக்கைக் கொண்டுபோகிறவனே எல்லாரையும் வெட்டிக் கடக்க வேண்டும். அந்த ஒரு விதியால் வேகம் எப்படி மாறியது, பின்னாளில் கனடியர்கள் பக்கை எதிரணியின் மூலைக்கு அடித்துவிட்டுத் துரத்தும் ஆட்டத்துக்கு எப்படி வந்து சேர்ந்தார்கள், அகலமான ஐரோப்பிய ஆடுகளத்தில் பழகிய சோவியத் ஆட்டக்காரர் பக்கைக் கைவிட மனமில்லாமல் பின்னுக்குக் கொண்டுபோய் மறுபடி கட்டிக்கொண்டு வருவது ஏன் என்றெல்லாம் அதைப் படித்த பிறகே எனக்கு விளங்கியது. பிறகு தொலைக்காட்சியில் பக்கைத் தேடுவதை விட்டுவிட்டேன். பக் இல்லாத நாலு பேரும் எங்கே ஓடுகிறார்கள் என்று பார்க்கத் தொடங்கினேன். பக் தானாகக் கண்ணில் பட்டது.

அதே தட்டில் கீழ் மூலையில் இன்னொரு புத்தகம். முதுகு பிய்ந்து நாடா ஒட்டியிருந்தது. பின்னட்டைக்குள் ஒட்டிய தாளில் திருப்பித் தரவேண்டிய திகதிகளின் முத்திரைகள், ஒன்றுக்கும் மற்றதுக்கும் இடையே ஆண்டுக்கணக்கில் இடைவெளி. லொயிட் பேர்சிவல் எழுதிய ‘தி ஹொக்கி ஹான்ட்புக்’, 1951.

பேர்சிவல் ரொறன்ரோக்காரர். பெரிய ஹொக்கி ஆட்டக்காரர் அல்லர். தடகளப் பயிற்றுநர், வானொலியில் விளையாட்டு நிகழ்ச்சி நடத்தியவர். ஸ்கேற்றை எந்தக் கோணத்தில் தள்ளினால் வேகம் வரும், பாஸை எப்போது விடவேண்டும், பனிக்கு வெளியே உடலை எப்படித் தயார்செய்வது, ஆட்டத்துக்கு முன் என்ன சாப்பிடுவது என்று ஒவ்வொன்றையும் பாடமாக எழுதினார். அந்தக் காலத்து ஹொக்கிக்காரருக்கு இது அவமதிப்பாகப் பட்டது. ஹொக்கி இரத்தத்தில் வருவது, புத்தகத்தில் வருவதல்ல என்பது அவர்கள் எண்ணம். மொன்றியல் கனேடியன்ஸின் பயிற்றுநர் டிக் ஏர்வின், இது மூன்று வயதுக் குழந்தையின் மூளையில் உதித்தது என்று ஒதுக்கித் தள்ளினார்.

அந்தப் புத்தகம் மொஸ்கோவுக்குப் போனது. சோவியத் ஒன்றியத்தில் இந்த ஆட்டத்துக்கு நாடளாவிய லீக் தொடங்கியதே 1946இல்தான். அங்கே பயிற்றுநராக இருந்த அனத்தோலி தாறசோவ் பேர்சிவலின் நூலைப் பள்ளிப்பிள்ளையைப் போலப் படித்ததாகப் பின்னர் அவருக்கே எழுதினார். படித்ததோடு நிற்கவில்லை. கோடையிலும் ஆட்டக்காரரை ஓடவிட்டார், பாரம் தூக்கவைத்தார், பாலே நடனத்திலிருந்தும் உதைபந்தாட்டத்திலிருந்தும் வேண்டியதை எடுத்துக்கொண்டார். 1954இல் ஸ்ரொக்ஹோமில் நடந்த உலகச் சாம்பியன் போட்டியில் சோவியத் அணி முதன்முதலாகக் கலந்துகொண்டது. கனடாவின் சார்பில் போன அணி ஈஸ்ற் யோர்க் லிண்ட்ஹேர்ஸ்ற்ஸ். ஈஸ்ற் யோர்க் என்றால் ஸ்காபரோவிலிருந்து ஒரு பேருந்தில் போய் இறங்கலாம். சோவியத் 7, கனடா 2.

போனவர்கள் அமெச்சூர்ப் பெடியள்தானே என்று நாடு ஆறுதல் சொல்லிக்கொண்டது. 1972 செப்டெம்பர் 2ஆம் திகதி மொன்றியல் ஃபோரத்தில் அந்த ஆறுதலும் போனது. இந்தமுறை சோவியத்துக்கு எதிராகக் கனடாவின் தொழில்முறை ஆட்டக்காரர்களே இறங்கினார்கள். ஏழு நிமிடத்துக்குள் 2–0 என்று முன்னிலை. முடிவில் 7–3 தோல்வி. கோலில் நின்றவர் டிறைடன். எட்டுப் போட்டிகள் கொண்ட அந்தத் தொடரின் கடைசிப் போட்டியில், மொஸ்கோவில், 34 விநாடிகள் மிச்சமிருக்கையில் போல் ஹென்டர்சன் போட்ட கோலால் கனடா தப்பியது. அந்தக் கோலை இந்த நாட்டில் முத்திரையிலும் நாணயத்திலும் போட்டார்கள். பேர்சிவல் 1974இல் இறந்துபோனார். அவர் பெயரை என் தொழிற்சாலை மேசையில் கேட்டேன். ஹென்டர்சனின் கோலை விநாடி விநாடியாகச் சொல்லக்கூடியவர்கள் ஒருவருக்கும் பேர்சிவலைத் தெரியவில்லை. அன்று எனக்கு வந்த கோபம் இன்றும் ஆறவில்லை. தன் வீட்டுப் பிள்ளை எழுதியதைத் தானே வாசிக்காத ஊர்.

இன்று எந்த அணியிலும் உணவு நிபுணர் இருக்கிறார், ஸ்கேற் பயிற்றுநர் தனியாக இருக்கிறார், கோடைப் பயிற்சிக்குப் போகாத ஆட்டக்காரன் இல்லை. பேர்சிவல் கேட்டதெல்லாம் இதுதான்.

பணத்தின் கதையும் அந்தத் தட்டில் கிடைத்தது. டேவிட் குறூஸ், அலிசன் கிறிஃபித்ஸ் இருவரும் எழுதிய ‘நெற் வேர்த்’ 1991இல் வந்தது. 1957இல் டிற்றொயிற் அணியின் ரெட் லின்ட்சே ஆட்டக்காரருக்கு ஒரு சங்கம் கட்டப் பார்த்தார். அதற்குப் பரிசாக, லீக்கிலேயே கடைசியில் கிடந்த சிக்காகோவுக்குக் கைமாற்றப்பட்டார். அடுத்தவனுக்கு என்ன சம்பளம் என்று ஒருவருக்கும் தெரியாமல் வைத்திருந்ததே முதலாளிகளின் பலம். பிறகு வந்த சங்கத்தின் தலைவர் அலன் ஈகிள்சன், 1972 தொடரை ஒழுங்குசெய்தவர், தான் காக்கவேண்டிய ஆட்டக்காரரையே ஏமாற்றினார். மசாசூசெற்ஸில் ஒரு சிறிய பத்திரிகையில் எழுதிக்கொண்டிருந்த றஸ் கொன்வே அதைத் தோண்டியெடுத்து 1995இல் ‘கேம் மிஸ்கொண்டக்ற்’ என்ற நூலாக்கினார். 1998இல் ஈகிள்சன் குற்றத்தை ஒப்புக்கொண்டு சிறைக்குப் போனார். இன்று எந்த ஆட்டக்காரனின் சம்பளத்தையும் கைபேசியில் பார்க்கலாம். லின்ட்சேயின் பெயரில் ஆட்டக்காரர்களே வாக்களித்து விருது கொடுக்கிறார்கள். என்னோடு வேலைசெய்தவர்களில் தொழிற்சங்கம் என்றால் என்ன என்று தெரிந்தவர்களுக்கு ‘நெற் வேர்த்’தை நானே கொண்டுபோய்க் கொடுத்தேன். அந்த மேசையில் எனக்கு இடம் கிடைத்தது அதற்குப் பிறகுதான்.

ஆனால் அந்தத் தட்டில் இல்லாதவர்களும் இருந்தார்கள். ஹொக்கி வரலாறு என்று தடித்தடியாக இருந்த நூல்களில் எங்களைப் போன்ற நிறத்தில் ஒரு முகமும் இல்லை. 1997இல் ஹேர்ப் கார்னகியின் தன்வரலாறு வந்தது: ‘எ ஃப்ளை இன் எ பெயில் ஒஃப் மில்க்’. ஜமைக்காவிலிருந்து வந்த பெற்றோருக்கு ரொறன்ரோவில் பிறந்தவர். நாற்பதுகளில் கியூபெக் லீக்கில் அவர் ஆடியதைப் பார்த்தவர்கள் தேசிய லீக்குக்குத் தகுந்தவர் என்றார்கள். நிறம் தடுத்தது. 2004இல் வந்த ‘பிளாக் ஐஸ்’ இன்னும் பின்னால் போனது. ஜோர்ஜ் பொஸ்ரி, டாரில் பொஸ்ரி என்ற சகோதரர் எழுதியது. 1895இலேயே ஹலிபாக்ஸில் கறுப்பின இளைஞர்கள் தேவாலயங்களைச் சார்ந்து தங்களுக்கென ஒரு ஹொக்கி லீக் வைத்திருந்ததை அது சொன்னது. தேசிய லீக் பிறந்தது 1917இல். ஹொக்கியின் பெருமைக்குரியோர் மண்டபம் கார்னகியை 2022இல்தான் சேர்த்தது. அவர் இறந்து பத்தாண்டு ஆகியிருந்தது. புத்தகம் வந்து இருபத்தைந்து ஆண்டு.

என் மகன் ஹொக்கிக்குள் வந்தது வேறு வழி. பள்ளிக்கூடத்தில் றோக் கரியேயின் ‘தி ஹொக்கி சுவெற்றர்’ கதையை வாசித்துவிட்டு வந்தான். கியூபெக் கிராமத்தில் எல்லாப் பெடியளும் மொறீஸ் றிஷாரின் 9ஆம் இலக்கம் போட்ட மொன்றியல் சட்டை அணிய, ஈற்றன்ஸ் கடையிலிருந்து தபாலில் தவறுதலாக வந்த ரொறன்ரோ லீவ்ஸ் சட்டையைப் போடவேண்டியதாகிவிட்ட ஒரு சிறுவனின் கதை. வகுப்பில் மற்றப் பிள்ளைகள் சிரித்தார்களாம். இவனுக்கு அழுகை வந்ததாம். ஊர் முழுக்க ஒரு சட்டை, தனக்கு மட்டும் வேறொன்று என்பதை அவனுக்கு யாரும் விளக்கவேண்டியிருக்கவில்லை. சில ஆண்டுகள் கழித்து அந்தக் கதையின் வரிகளை ஐந்து டொலர் தாளில் அச்சிட்டார்கள்.

இப்போது அந்த மகனின் மகனுக்குப் பன்னிரண்டு வயது. கிழமைக்கு மூன்று தரம் பனியில் நிற்கிறான். லீவ்ஸ் அணி 1999 வரை ஆடிய மேப்பிள் லீவ் கார்டன்ஸுக்குப் போனமாதம் அவனைக் கூட்டிக்கொண்டு போனேன். கீழே பலசரக்குக் கடை. 25ஆவது வரிசையில், தகரச் சாமான்களுக்கு நடுவே தரையில் ஒரு சிவப்பு வட்டம்; ஆடுகளத்தின் நடுப்புள்ளி அங்கேதான் இருந்தது. மேல்மாடியில் புதிய ஆடுகளம். பெண்களுக்கான தொழில்முறை லீக்கின் முதல் போட்டி 2024 ஜனவரி 1ஆம் திகதி அங்கேதான் நடந்தது. டிறைடனின் புத்தகத்தைப் பற்றிச் சொன்னேன்.

“உதெல்லாம் யூரியூப்பில இருக்கு, அப்பப்பா.”

“இருக்கட்டும் ராசா. அவன் ஏன் அந்த இடத்தில நிண்டவன் எண்டு யூரியூப் சொல்லுமோ?”

“சொல்லும். எக்ஸ்பெக்ரட் கோல்ஸ் எண்டு ஒண்டு இருக்கு. எந்த இடத்தில இருந்து அடிச்சா கோல் விழும் எண்டு கணக்குப் போட்டு வைச்சிருக்கினம்.”

அவன் சொன்னது சரி. ஒவ்வொரு அடியையும் தூரம், கோணம் பார்த்து எடைபோடுகிறார்கள். பக்கை மூலைக்கு அடித்துவிட்டுத் துரத்துவதைவிடக் கையில் வைத்துக்கொண்டு உள்ளே போவதே அதிக பலன் தரும் என்று எண்ணிக் காட்டியிருக்கிறார்கள். தாறசோவ் கண்ணால் கண்டதை இவர்கள் கணினியால் கண்டிருக்கிறார்கள். தன் எல்லைக்குள்ளிருந்து நடுக்கோட்டைத் தாண்டிப் பாஸ் கொடுக்கக்கூடாது என்ற விதி தேசிய லீக்கில் 2005இல் எடுக்கப்பட்ட பிறகு ஆட்டத்தின் வேகம் இன்னும் கூடியிருக்கிறது. வேகம் கூடினால் மோதலும் கூடும்.

அதைத்தான் டிறைடன் 2017இல் ‘கேம் சேஞ்ச்’ நூலில் எழுதினார். ஸ்ரீவ் மொன்ராடோர் என்ற ஆட்டக்காரர் 2015இல் முப்பத்தைந்து வயதில் இறந்தார். அவர் மூளையை ஆராய்ந்தபோது, திரும்பத் திரும்ப அடிபட்டதால் வரும் சிதைவுநோய் இருந்தது தெரியவந்தது. தலையில் படும் எந்த அடிக்கும் தண்டனை வேண்டும், தெரிந்து அடித்தானா தெரியாமல் அடித்தானா என்ற விசாரணை வேண்டாம், மூளைக்கு அந்த வேறுபாடு தெரியாது என்று டிறைடன் வாதாடினார். லீக்கின் ஆணையாளர் கறி பெற்மனிடம் புத்தகத்தைத் தானே கொண்டுபோய்க் கொடுத்தார். 2025 செப்டெம்பரில் டிறைடன் காலமானார். அவர் கேட்ட விதி இன்னும் வரவில்லை.

பன்னிரண்டு வயதுவரை கனடாவில் உடலால் மோதி ஆட அனுமதி இல்லை. 2013இல் வந்த கட்டுப்பாடு. அடுத்த பருவத்தில் பேரன் அந்த வயதைத் தாண்டுகிறான். போட்டி அணியில் சேர்ந்தால் மோதல் உண்டு, உள்ளூர்ப் பிரிவில் ஆடினால் இல்லை. பேரன் போட்டி அணிதான் என்று ஒற்றைக்காலில் நிற்கிறான். மகன் ‘கேம் சேஞ்ச்’சில் பாதியைத் தாண்டியிருக்கிறான், இன்னும் வாய் திறக்கவில்லை. மருமகள் முழுவதையும் படித்துவிட்டு வேண்டாம் என்கிறாள். அணித் தேர்வு வசந்தத்தில். என்னையும் கேட்டார்கள். நான் மருமகளின் பக்கம்.