யந்திரத்துக்கும் அங்க அடையாளம்

கேள்வி: துப்பாக்கி வைத்திருப்பவனைக் காட்டிலும் எழுதுகிறவனைக் கண்டே எதேச்சாதிகாரிகள் அதிகம் அஞ்சுவதாகச் சொல்லுகிறீர்களே, இது எழுத்தாளர்களின் தற்புகழ்ச்சியல்லவா?

பதில்: அந்தப் பழக்கம் எங்களுக்கு உண்டுதான், ஆனால் இவ்விஷயத்தில் ருமேனியாவின் சௌஷெஸ்குவே சாட்சி சொல்ல வருகிறார். அவர் தலைமைக்கு வந்த 1965-ஆம் வருஷத்துச் சாசனம் பேச்சு, பத்திரிகைச் சுதந்திரங்களைப் பிரஜைகளுக்குத் தாராளமாக வழங்கிவிட்டு, அடுத்த ஷரத்திலேயே அவற்றைச் சோஷலிச அமைப்புக்கு விரோதமாக உபயோகிக்கலாகாது என்று திரும்ப வாங்கிக்கொண்டது. அதுவும் போதாதென்று 1983-இல் பிறப்பித்த ஓர் உத்தரவின்படி, தட்டச்சு யந்திரம் வைத்திருந்த ஒவ்வொருவரும் அதைப் போலீஸாரிடம் பதிவு செய்து, அனுமதி பெற்று, அதன் எழுத்துக்களையெல்லாம் அடித்துக் காட்டும் மாதிரித் தாள் ஒன்றை வருஷந்தோறும் சமர்ப்பிக்க வேண்டியிருந்தது. அநாமதேயத் துண்டுப் பிரசுரம் எங்கேனும் அகப்பட்டால், அந்தக் கோணல் எழுத்து எவர் வீட்டு யந்திரத்தின் வாரிசு என்று கண்டுகொள்ளத்தான் இவ்வளவும். கேடிகளின் கைரேகைக்குக்கூட வருஷாந்தரப் புதுப்பித்தல் கிடையாது!

ராஜ்யத்துக்கு ஆபத்தானவர் என்று கருதப்பட்டவருக்கோ யந்திரமே கூடாது. சிநேகிதரிடம் இரவல் வாங்கிக்கொள்ளலாமென்றால் அதற்கும் தடை. புத்தகங்களை இரவல் கொடுத்தே நூலகத்தை இழந்த நம் அன்பர்கள் இந்த ஒரு விதியை மட்டும் ஆதரிக்கக்கூடும்.