மன்னிப்புக்கு ஒரு கவுன்டர்

பெறுநர்:
உயர்திரு அலுவலர் அவர்கள்
(பெயர் எழுதவில்லை, கடிதம் வந்து சேர்வதற்குள் மாறுதல் ஆகிவிடலாம்),
திண்டுக்கல்.

பெருமதிப்பிற்குரிய ஐயா,

போன திங்கட்கிழமை தங்கள் அலுவலகத்தில் கிடைத்த மரியாதைக்கு நன்றி. பட்டா மாறுதல் மனுவை எட்டு வாரத்துக்குள் முடிக்கச் சொன்ன உயர் நீதிமன்ற மதுரைக் கிளையின் ஆணை நகலை நீட்டினேன். எழுத்தர் அதன்மேல் டீ கிளாஸை வைத்துவிட்டு, "இது வெறும் ஆர்டர்தானண்ணே. கன்டெம்ப்ட் போட்டுட்டு வாங்க, ஃபைல் தானா நகரும்" என்றார். பக்கத்து நாற்காலிக்காரர் சிரித்தார்.

ஐயா, தாழ்மையான யோசனை ஒன்று. அவமதிப்பு வழக்கு என்றதும் தங்களிடம் பட்டாவைவிட வேகமாகத் தயாராவது நிபந்தனையற்ற மன்னிப்புதான். அதை இ-சேவை மையத்துக்கே கொடுத்துவிடலாமே? வருமானச் சான்றுக்கு 60 ரூபாய் வாங்குகிற கவுன்டரில் மன்னிப்புக்கும் 60 வாங்கட்டும். ஆணை வந்த அன்றே ஓடிபி போட்டு ஆளுக்கொரு மன்னிப்பை எடுத்துக்கொண்டு ஊருக்குப் போய்விடுவோம்.

சட்டமும் தங்கள் பக்கமே. 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி ஆறு மாதம் வரை வெறுங்காவல், 2,000 ரூபாய் வரை அபராதம். அன்று அந்தத் தொகைக்குப் பத்துப் பவுனுக்கு மேல் வாங்கலாம். இன்று குடும்பத்தோடு பிரியாணிக் கடைக்குப் போனால் சரியாகப் போகும். நீதிபதி ஏற்கிற மாதிரி மன்னிப்புக் கேட்டால் அதுவும் மிச்சம். நான் ஒரு வருடத்துக்குள் கன்டெம்ப்ட் போடாவிட்டாலோ, 20-ஆம் பிரிவு என் வாயை அடைத்துவிடும். "ரெண்டு வாரம் பொறுங்க" என்று தாங்கள் அன்போடு சொல்லிவருவதன் சூட்சுமம் இப்போதுதான் விளங்குகிறது.

2025 மே மாதம் சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்தின் முன்னாள் உறுப்பினர் செயலர் அன்சுல் மிஸ்ராவுக்கு உயர் நீதிமன்றம் ஒரு மாதச் சிறை விதித்தபோது பதறியிருப்பீர்கள். வேண்டாம், டிவிஷன் பெஞ்ச் அதை நிறுத்திவைத்துவிட்டது. அதே மாதம் உச்ச நீதிமன்றம்தான் கொஞ்சம் முரட்டுத்தனமாக, ஆந்திராவில் கோர்ட் உத்தரவை மீறிக் குடிசைகளை இடித்தவரை டெபுடி கலெக்டர் பதவியிலிருந்து தாசில்தாராக இறக்கியது. அங்கே மன்னிப்பு எடுபடாமல் போனது கவுன்டர் இல்லாத குறைதான்.

தங்களுக்கு வாதாட அரசு வக்கீல் இருக்கிறார். நான் ஆரப்பாளையத்தில் இறங்கி ஒத்தக்கடைக்கு பஸ் மாறுகிறேன். வக்கீல் ஃபீஸுக்கு வீட்டுக்காரியின் வளையல் அடகுக்கடையில் இருக்கிறது. அரை ஏக்கர் ஐயா, என் அப்பா கிரயம் வாங்கிய நிலம்! உயர் நீதிமன்றமே சொல்லியும் பட்டா மாற்ற மாட்டீர்கள் என்றால் நான் வேறு யாரிடம் போய் நிற்பது?

மன்னிக்கவும், குரல் உயர்ந்துவிட்டது. (பாருங்கள், நான் மன்னிப்புக் கேட்க யாரும் கன்டெம்ப்ட் போட வேண்டியிருக்கவில்லை.)

தாங்கள் நீடூழி வாழ்க. அடுத்த பதவி உயர்வு விரைந்து வருக.

இப்படிக்கு,
தங்கள் பணிவுள்ள மனுதாரர்

இணைப்பு: ஆணை நகல் (டீக்கறையுடன்), அவமதிப்பு நோட்டீஸ், தங்கள் பெயரில் தட்டச்சு செய்த மன்னிப்புப் பத்திரம். தேதியை மட்டும் நிரப்பிக்கொள்ளவும்.